‘ப’ இல்லாத ராகம்

காலை நாலு மணி முப்பத்தேழு நிமிடத்துக்கு, கட்டிலில் மல்லாந்து கிடந்தபடியே கடிகாரக்காரர் போர் தொடுத்தார். போர்வைக்குள்ளிருந்து தொடுத்த போர் என்பதால் அது யாருக்கும் கேட்கவில்லை.

எதிரி சமையலறையில் இருந்தாள். கதவைச் சாத்திக்கொண்டுதான் இருந்தாள். ஆனால் அந்தக் கதவுக்கும் நிலைக்கும் எப்போதும் ஒத்துப்போனதில்லை. நடுவில் ஒரு விரல் இடைவெளி. அதன் வழியாக முதலில் மின்தம்புராவின் ரீங்காரம் வந்தது. பிறகு ஒரு குரல் வந்தது. ‘மா...’ என்றது. கொஞ்ச நேரம் அங்கேயே நின்றது. அரை அடி மேலே ஏறி இன்னொரு ‘மா...’ என்றது. திரும்ப இறங்கியது. திரும்ப ஏறியது.

“யாரைம்மா விடியாத பொழுதுல மாமா மாமான்னு கூப்பிட்டுக்கிட்டிருக்கே?” என்று கட்டிலிலிருந்தே கத்தினார்.

பாட்டு நின்றது. “அது மாமா இல்லீங்க. ரெண்டு மத்தியமம். லலித் ராகத்துல ரெண்டு ‘ம’வும் பக்கத்துல பக்கத்துல வரும்.”

“வரட்டும். அப்புறம் ‘ப’ வரணுமே? நானும் ஏழு நிமிஷமாக் காத்துக்கிட்டிருக்கேன். வந்தாத் தூங்கலாம்.”

“இந்த ராகத்துல ‘ப’ கிடையாதுங்க.”

“அதான். ‘போதும்பா’ன்னு சொல்றதுக்குக்கூட வழியில்லாத ராகமாப் பாத்துப் பிடிச்சிருக்கே.”

சமையலறையில் ஒரு சிரிப்பு கேட்டது. அதன்பிறகு மறுபடியும் ‘மா...’

கடிகாரக்காரருக்கு வயது ஐம்பத்தாறு. கைவிரல் அகலத்தில் ஒரு கடை. அதில் ஒரு கண்ணில் பூதக்கண்ணாடியை இடுக்கிக்கொண்டு, தலைமுடியைவிட மெல்லிய சுருள்வில்லை இடுக்கியால் பிடித்து வைக்கிற தொழில். அவர் தூங்காவிட்டால் மறுநாள் கை நடுங்கும். கை நடுங்கினால் சுருள்வில் பறக்கும். பறந்த சுருள்வில்லைத் தேடித் தரையில் தவழ்கிற மனிதரிடம் யார் கடிகாரத்தைக் கொடுப்பார்கள்? இது அவர் வெளியில் சொல்லும் நியாயம். உள்ளே இருந்த நியாயம் எளிமையானது. அவருக்குத் தூக்கம் பிடிக்கும். மத்தியானம் பன்னிரண்டரைக்குப் பிறந்தவர் அவர். அதற்கே எழுப்பித்தான் எடுத்தார்களாம்.

மனைவி ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் டெலிபோன் ஆபரேட்டர். முப்பது வருடமாக ஒரு ஜன்னலில்லாத அறையில், காதில் கருவியை மாட்டிக்கொண்டு, அழுகிறவர்களையும் அவசரப்படுகிறவர்களையும் சரியான இடத்துக்கு இணைத்துவிடுகிறவள். ஒருநாள் ரத்தப் பரிசோதனைக் கூடத்திலிருந்து பேசிய ஒரு பெண், வேலையைச் சொல்லி முடித்தபிறகும் போனை வைக்காமல், “அக்கா, தப்பா நினைக்காதீங்க. உங்க ‘ஹலோ’ தினமும் ஒரே சுருதியில நிக்குது. நீங்க பாடுவீங்களா?” என்று கேட்டாள். அவள் பகலில் ரத்தம் பார்ப்பவள். காலையிலும் மாலையிலும் இந்துஸ்தானி சங்கீதம் சொல்லிக்கொடுப்பவள். இவளைவிடப் பதினைந்து வயது சின்னவள். ஐம்பத்திரண்டு வயதுக்காரி அன்று சாயங்காலமே அவளை “டீச்சர்” என்று கூப்பிட ஆரம்பித்தாள்.

இரண்டு வருடம் சாயங்கால ராகங்களோடு போயிற்று. கடிகாரக்காரருக்கு ஆட்சேபமில்லை, சாயங்காலம் அவர் கடையில் இருப்பார். மூன்றாம் வருடம் டீச்சர் லலித்தைக் கையில் எடுத்தாள். அது இரவு முடிந்தும் முடியாமலும் இருக்கிற நேரத்து ராகம் என்றாள். அந்த நேரத்திலேயே சாதகம் செய்யச் சொன்னாள். அன்று பிடித்தது வினை.

அதோடு விட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. ஒருநாள் சாப்பிடும்போது மனைவி தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

“அடுத்த மாசம் டீச்சர் வீட்டு மாடியில எல்லாரும் பாடறோம். முதல்ல நான். விடியறதுக்கு முன்னால, நாலே முக்காலுக்கு. நீங்க வர்றீங்களா?”

“நாலே முக்காலுக்கா? அந்த நேரத்துல நான் உயிரோட இருக்கேனான்னே எனக்கு நிச்சயமில்லையே!”

“ஒரே ஒரு நாள்தாங்க.”

“நீ பாடறதைத்தான் தினமும் கேக்கறேனே. சுவரைத் தாண்டி வந்து அடிக்குது.”

அவள் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துபோனாள். குழாயடியில் வழக்கத்தைவிட அதிக நேரம் தண்ணீர் ஓடியது. கடிகாரக்காரர் அதைக் கவனித்தார். கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

போருக்கு வருவோம். போர் என்றால் முதலில் நட்பு நாடு வேண்டும். மேல்வீட்டில் ஒரு பஸ் டிரைவர் தனியாக இருந்தார். தெருமுனையிலிருந்து முதல் பஸ்ஸை எடுப்பவர். சமையலறை ஜன்னலுக்கு நேர் மேலே அவருடைய படுக்கை. பாட்டு முழுதாக அவர் தலையில்தான் இறங்கும்.

“டிரைவர் தம்பி, ஒரு விஷயம். காலையில ஒரு சத்தம்... உங்களுக்கு ரொம்ப இடைஞ்சலா இருக்குமே?”

“என்ன சத்தம் அண்ணே?”

“அதான், உங்க அக்கா பாடறது. நீங்க தாராளமாப் புகார் சொல்லலாம். நான் ஒண்ணும் நினைக்க மாட்டேன். சொல்லப்போனா நாளைக்கே சொல்லலாம். கொஞ்சம் கோவமாவே சொல்லலாம்.”

டிரைவர் பதறிப்போனார். “அய்யய்யோ! அண்ணே, தயவுசெஞ்சு நிறுத்திடாதீங்க. அலாரம் வெச்சா நான் அதை அமுக்கிட்டுத் தூங்கிடுவேன். அக்கா குரலை அமுக்க முடியுமா? அந்த ரெண்டாவது ‘மா’ வந்ததும் என் கால் தானா தரையில இறங்கிடும். ஒரு பஸ் ஜனம் அக்காவை நம்பியிருக்கு அண்ணே!”

நட்பு நாடு எதிரியோடு ஏற்கெனவே ஒப்பந்தம் போட்டிருந்தது.

ஆயுதம் கிடைத்தது அவர் எதிர்பாராத இடத்தில். அதைக் கொடுத்தவளே மனைவிதான். சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டே, பேச்சுவாக்கில், “விடிஞ்சுட்டா இந்த ராகத்தைப் பாடக்கூடாதுன்னு டீச்சர் கண்டிப்பாச் சொல்லியிருக்காங்க. வெளிச்சம் வந்துட்டா மூடி வெச்சுடணுமாம்” என்றாள்.

கடிகாரக்காரரின் காது விடைத்தது. அவள் பாட்டை நிறுத்த அவரால் முடியாது. ஆனால் நேரத்தை நிறுத்தலாமே? அதுதானே அவர் தொழில்!

அவர்கள் வீட்டில் பதினோரு கடிகாரங்கள் உண்டு. வாடிக்கையாளர்கள் கொடுத்துவிட்டு மறந்துபோனவை. ஒன்று பத்து நிமிடம் முந்தும். ஒன்று கால் மணி பிந்தும். கூடத்து ஊசல் கடிகாரம் மனசு வந்தால் ஓடும். ஊர்க் கடிகாரங்களையெல்லாம் திருத்தும் மனிதருக்குச் சொந்த வீட்டில் கைவைக்க நேரமில்லை. மனைவி எல்லாவற்றையும் ஒருமுறை பார்த்து, மனசுக்குள் சராசரி எடுத்து, அதன்படி வாழப் பழகியிருந்தாள்.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் அவள் வகுப்புக்குப் போனதும் கடையைச் சீக்கிரம் சாத்திவிட்டு வந்து, ஸ்டூலைப் போட்டு ஏறினார். பதினோரு கடிகாரங்களையும் சரியான நேரத்துக்கு ஒரு மணி நேரம் பின்னால் வைத்தார். அவள் வகுப்புக்குப் போனை எடுத்துப் போக மாட்டாள்; சமையல் மேடையில் கிடந்தது. அதிலும் நேரத்தை மாற்றினார். கணக்கு இதுதான். நாலரை என்று நினைத்து அவள் எழுந்திருக்கும்போது உண்மையில் ஐந்தரை. தம்புராவைத் தட்டி, தொண்டையைக் கனைத்து, முதல் ‘மா’வுக்கு வருவதற்குள் வானம் வெளுத்துவிடும். மூடி வைக்க வேண்டியதுதான். நான்கு நாள் இப்படியானால் அவளுக்கே சலித்துவிடும்.

அவள் திரும்பி வந்தாள். ஊசல் கடிகாரத்தைப் பார்த்தாள். மற்ற கடிகாரங்களைப் பார்த்தாள். கணவரைப் பார்த்தாள்.

“அட, இன்னைக்கு நான் சீக்கிரமே வந்துட்டேன் போல” என்றாள்.

“ஆமாமா. ரொம்பச் சீக்கிரம்.”

“அப்பச் சாப்பாட்டுக்கு இன்னும் நேரம் இருக்கு. மெதுவாவே செய்யறேன்.”

எட்டு மணிக்குச் சாப்பிடுகிற வயிறு ஒன்பது மணிவரை உறுமியது. சாணக்கியத்தனத்துக்கு வயிறும் கொஞ்சம் விலை கொடுக்கத்தான் வேண்டும் என்று சமாதானம் செய்துகொண்டார்.

விடிகாலையில் ‘மா...’ கேட்டது. கடிகாரக்காரர் ஒரு கண்ணைத் திறந்து தலையணைக்கு அடியில் தன் போனைப் பார்த்தார். நாலு முப்பது. உண்மையான நாலு முப்பது! அவளுக்கு அலாரமே கிடையாது. தானாகவே எழுகிறவள். முப்பது வருடம் ஒரே கட்டிலில் படுத்திருந்தும் இது அவருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள அவர் ஒருநாளும் விழித்திருந்ததில்லையே.

பாட்டுக்கு நடுவில் அவள் எட்டிப் பார்த்தாள். “என்னங்க, இன்னைக்கு ஒரு மணி நேரம் முன்னாலயே முழிச்சுட்டேன். மணி மூணரைதான் ஆகுது. நிறையப் பாடலாம்!”

வழக்கமாக முக்கால் மணி நேரம் பாடுகிறவள் அன்று ஒன்றரை மணி நேரம் பாடினாள். வெளிச்சம் வந்தபிறகுதான் நிறுத்தினாள். “ஆச்சரியமாத்தான் இருக்கு. அஞ்சு மணிக்கே விடிஞ்சுடுச்சு” என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனாள். அவள் குளித்து வருவதற்குள் பதினோரு தடவை ஸ்டூலில் ஏறி இறங்கி எல்லாவற்றையும் பழைய நேரத்துக்குக் கொண்டுவர வேண்டியிருந்தது. இல்லாவிட்டால் அவள் வேலைக்குத் தாமதமாகிவிடும். அவள் சம்பளத்தில் கைவைப்பது போர் தர்மமில்லை.

“ஸ்டூல் மேல என்ன பண்றீங்க?”

“தூசி.”

“கையில துணியைக் காணோமே?”

“ஊதறேன்.”

நல்ல தளபதி தோல்வியிலிருந்து பாடம் கற்றுக்கொள்வான். பின்னால் தள்ளினதுதானே தப்பு? முன்னால் தள்ளினால்? அவள் நாலரைக்கு எழும்போது கடிகாரம் ஆறு காட்டினால், விடிந்துவிட்டது என்று நினைத்துப் பாடாமல் இருப்பாள். அவரும் நிம்மதியாகத் தூங்கலாம். ஒரே ஒரு சங்கடம். சாயங்காலமே முன்னால் தள்ளினால் அவருடைய இரவு ஒன்றரை மணி நேரம் சுருங்கிவிடும். ஆகவே அவள் எழுவதற்குச் சற்று முன்னால்தான் தள்ள வேண்டும். அதற்கு அவர் மூணே முக்காலுக்கு எழுந்தாக வேண்டும். தூக்கத்தைக் காப்பாற்றத் தூக்கத்தை விட்டு எழுந்தார் அந்த மாவீரர்.

வெள்ளிக்கிழமை. இருட்டில் பூனை மாதிரி நடந்து பதினோரு கடிகாரங்களையும், அவள் போனையும் ஒன்றரை மணி நேரம் முன்னால் தள்ளிவிட்டு வந்து படுத்தார். நாலரைக்கு அவள் எழுந்தாள். கூடத்துக்குப் போனாள். காலடிச் சத்தம் நின்றது.

“ஐயோ, மணி ஆறாயிடுச்சே!” என்றாள். ஜன்னல் பக்கம் போனாள். வெளியே மை இருட்டு. “நல்ல மூட்டம் போல” என்றாள்.

தம்புரா ஒலிக்கவில்லை. வெற்றி! கடிகாரக்காரர் போர்வையைக் கழுத்துவரை இழுத்துக்கொண்டார். கண் சொருகியது. அப்போது போர்வை போயிற்று.

“எழுந்திருங்க, எழுந்திருங்க! ஊருக்குப் போறவர் ஒருத்தர் ஏழு மணிக்குக் கடிகாரம் வாங்க வர்றாருன்னு சொன்னீங்கல்ல? மணி ஆறைத் தாண்டிடுச்சு!”

“அவர்... கொஞ்சம் லேட்டா வருவாரு.”

“சொன்ன நேரத்துக்குக் கடையைத் திறக்காத கடிகாரக்காரரைப் பத்தி நாலு பேரு என்ன பேசுவாங்க? எழுந்திருங்க.”

என்ன சொல்ல முடியும்? ‘இப்போது மணி நாலரைதான்’ என்று சொன்னால், அது உங்களுக்கு எப்படித் தெரியும் என்ற கேள்வி வரும். குளித்தார். தேநீர் குடித்தார். அவளே கடைச் சாவியைக் கையில் திணித்து, வாசல்வரை வந்து வழியனுப்பினாள். தெருவிளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. ஒரு நாய் அவரைப் பார்த்துவிட்டு, அவர் வரக்கூடிய நேரமில்லையே என்பது போல எழுந்து நின்றது.

கடை பஸ் நிறுத்தத்துக்கு எதிரே. நிறுத்தத்தில் எட்டுப் பேர் நின்றிருந்தார்கள். பஸ் நின்றிருந்தது. டிரைவரைத்தான் காணவில்லை.

“ஐயா, நீங்க கடிகாரக் கடைக்காரர்தானே?” என்று ஒரு நர்ஸ் கேட்டாள். “மணி என்ன ஆச்சு? அஞ்சேகாலுக்குப் பஸ் எடுக்கணும். டிரைவர் ஒருநாளும் தவற மாட்டாரே!”

கடிகாரக்காரர் போனைப் பார்த்தார். ஐந்து இருபத்தைந்து. அக்கா பாடவில்லை. இரண்டாவது ‘மா’ வரவில்லை. கால் தரையில் இறங்கவில்லை.

“எனக்கு எட்டு மணிக்குப் பரீட்சைங்க. ரெண்டு பஸ் மாறணும்” என்றது ஒரு சின்னப் பெண். அதன் குரல் ஏற்கெனவே உடைந்திருந்தது.

அவர் ஓடினார். ஐம்பத்தாறு வயதில், கையில் சாவிக்கொத்து குலுங்க, வந்த வழியே ஓடினார். நாயும் கூட ஓடியது. மாடிப்படி ஏறி டிரைவர் கதவை இரண்டு கையாலும் தட்டினார்.

கதவு திறந்தது. “என்ன அண்ணே? அக்கா இன்னும் பாடவே இல்லையே!” என்றார் டிரைவர், கண்ணைக் கசக்கிக்கொண்டு.

பஸ் இருபத்தைந்து நிமிடம் தாமதமாகப் புறப்பட்டது. டிரைவருக்கு அன்று மெமோ கிடைத்தது. அந்தப் பெண் பரீட்சைக்குப் போய்ச் சேர்ந்தாளா என்று மறுநாள் அவளைப் பார்த்துக் கேட்கும்வரை கடிகாரக்காரருக்குச் சோறு இறங்கவில்லை. சேர்ந்துவிட்டாள். மூச்சு வாங்க, கடைசி ஆளாக.

அன்று டிரைவரை அனுப்பிவிட்டு அவர் வீட்டுக்குள் வந்தபோது மனைவி சமையலறையில் தரையில் உட்கார்ந்திருந்தாள். முன்னால் மின்தம்புரா. வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெளியே உண்மையாகவே வெளுக்கத் தொடங்கியிருந்தது. அந்த வீட்டில் அவ்வளவு அமைதியான காலையை அவர் மாதக்கணக்கில் கேட்டதில்லை. அந்த அமைதிக்காகத்தானே இவ்வளவும் செய்தார்? கையில் கிடைத்த பிறகு, அதை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

“என்ன திரும்பி வந்துட்டீங்க?”

“ஒண்ணுமில்லை. நீ... பாடலையா?”

“நேரம் தப்பிப்போச்சே. இனிமே இப்படித்தான் ஆகும் போல. வயசாகுதில்ல. ஒருநாள் மூணரைக்கு முழிப்பு வருது, ஒருநாள் ஆறு மணிக்கு வருது. டீச்சர்கிட்டச் சொல்லிடறேன், வேற யாரையாவது முதல்ல பாட வைக்கச் சொல்லி.”

“சேச்சே, அதெல்லாம் சொல்லாதே.”

“பின்ன என்ன பண்றது? சரியான நேரத்துக்கு எழுப்பிவிட ஒரு ஆள் இருந்தா பரவாயில்லை.”

“நான் எழுப்பறேன்.” வாயிலிருந்து வந்தபிறகுதான் அது தன் குரல் என்று அவருக்குத் தெரிந்தது.

“நீங்களா?”

“ஏன்? ஊருக்கே நேரம் சரிபண்ணித் தர்றவன் நான்.”

“ஒருநாள் ரெண்டு நாள் இல்லீங்க. தினமும். நாலு மணிக்கு.”

“மூணே முக்காலுக்கே எழுப்பறேன். போதுமா?”

அவள் சட்டென்று முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். தோள்கள் குலுங்கின. அழுகிறாள் என்று நினைத்துக் கடிகாரக்காரர் உருகிப்போனார். தேநீர் போடுவதற்கு அவரே அடுப்பைப் பற்றவைத்தார்.

அதற்கடுத்த மூன்று வாரமும் அவர் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். மூணே முக்காலுக்கு எழுந்து, தேநீர் போட்டு, பிறகு அவள் தோளைத் தொடுவார். அவள் சமையலறையில் உட்காருவாள். அவர் ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்காருவார். முதல் வாரம் வாளியிலேயே தூங்கினார். இரண்டாம் வாரம் தூங்கவில்லை.

சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கேட்டபோது அது சத்தம். இந்தப் பக்கம் உட்கார்ந்து கேட்டபோது வேறு ஏதோ ஒன்றாக இருந்தது. முதல் ‘மா’வில் இருட்டு மிச்சமிருந்தது. இரண்டாவதில் லேசாக ஒரு வெளிச்சம். அவள் எதிலும் தங்காமல், போகவும் மனமில்லாமல், தூங்குகிற வீட்டிலிருந்து வெளியூர் கிளம்புகிறவள் நிலைப்படியில் நின்று ஒருமுறை உள்ளே பார்ப்பது போல, இரண்டுக்கும் நடுவில் போய்ப்போய் வந்தாள். எத்தனையோ கடிகாரத்தைப் பிரித்துப் பார்த்திருக்கிறார் அவர். ராத்திரி காலையாக மாறுகிற அந்த ஒரு கணத்தை எந்தக் கடிகாரத்துக்குள்ளும் பார்த்ததில்லை.

ஒருநாள் அவரையறியாமல் சொன்னார். “ரெண்டாவது ‘மா’ இன்னைக்குக் கொஞ்சம் அவசரப்பட்டுச்சு.”

அவள் பாட்டை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தாள். பிறகு மெதுவாகச் சொன்னாள்.

“எனக்கு ஒரு பயம் இருக்குங்க. முப்பது வருஷமா என் முகத்தைப் பாக்காத ஜனங்ககிட்டதான் பேசியிருக்கேன். அவங்க முகமும் எனக்குத் தெரியாது. முன்னால உக்காந்து பத்துப் பேரு பாத்தா, எனக்கு வாய் ஒட்டிக்கும். அதுக்குத்தான் அன்னைக்கு உங்களைக் கூப்பிட்டேன். தெரிஞ்ச முகம் ஒண்ணு இருந்தாப் போதும்னு.”

கடிகாரக்காரர் வாளியின் விளிம்பை நகத்தால் சுரண்டினார். “வருவேன்னு நான் சொல்லவே இல்லையா?”

“இல்லை.”

“இப்பச் சொல்றேன்.”

அந்த நாள் வந்தது. டீச்சர் வீட்டு மாடியில் கிழக்குப் பார்த்த பெரிய அறை. ஓரத்தில் ஒரே ஒரு விளக்கு. பாய் விரித்துப் பதினைந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். டிரைவர் அன்று லீவு போட்டுவிட்டு, தலையைப் படிய வாரி, இரண்டாவது வரிசையில் இருந்தார். முதல் வரிசையில் நடுவில் கடிகாரக்காரர். நாலே முக்கால். டீச்சர் தம்புராவை மீட்ட ஆரம்பித்தாள்.

மனைவி வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை.

தண்ணீர் குடித்தாள். மறுபடி திறந்தாள். காற்றுதான் வந்தது. அவள் கண்கள் ஒவ்வொரு முகமாகப் போயின. எல்லா முகங்களும் அவளையே பார்த்தன. தம்புரா மட்டும் சுற்றிச்சுற்றி ஒலித்தது. யாரோ இருமினார்கள். அவள் உதட்டைக் கடிப்பதைக் கடிகாரக்காரர் பார்த்தார். இரண்டு கடிகாரம் டிக்டிக்கென்று தன் காதுக்குள் அடிப்பது போலிருந்தது அவருக்கு. எழுந்து நின்றார்.

“எல்லாரும் மன்னிக்கணும்” என்றார், சங்கீதத்திலேயே பிறந்து வளர்ந்தவர் மாதிரி. “தெரியாதவங்களுக்காகச் சொல்றேன். இந்த ராகத்தைக் கண்ணை மூடிக்கிட்டுத்தான் கேக்கணும். அதுதான் முறை. வெளிச்சம் வர்ற வரைக்கும் யாரும் திறக்கக்கூடாது.”

அப்படி ஒரு முறை எந்த ஊரிலும் கிடையாது. ஆனால் அவர் குரலில் அவ்வளவு கண்டிப்பு. டிரைவர் முதலில் மூடினார். அவரைப் பார்த்து மற்றவர்களும் மூடினார்கள். டீச்சர் ஒரு கணம் திகைத்தாள். பிறகு அவளும் மூடிக்கொண்டாள்.

அறையில் திறந்திருந்தவை இரண்டு ஜோடிக் கண்கள்தான். கடிகாரக்காரர் உட்கார்ந்து, தலையை லேசாக அசைத்தார்.

குரல் வந்தது.

ஒரு மணி நேரம் பாடினாள். சமையலறையில் பாடியதெல்லாம் அவள் தனக்குத்தானே பேசிக்கொண்டது. இன்று அவள் ஒருவருக்குச் சொன்னாள். இரண்டு ‘மா’வுக்கும் நடுவில் அவள் தயங்கி நின்ற இடத்தில் கடிகாரக்காரருக்குக் கண் நிறைந்தது. கண்ணைத் துடைக்கவும் பயம். கையைக் கண்ணுக்குக் கொண்டுபோனால் ஒரு நொடி அவளுக்கு அந்த முகம் மறைந்துவிடுமே. துடைக்காமலே உட்கார்ந்திருந்தார். ஜன்னல் சாம்பல் நிறமானது, பிறகு வெளிர்சிவப்பானது. அவள் கடைசியாக ஒருமுறை கீழே இறங்கி வந்து நிறுத்தினாள். சூரியன் வர இரண்டு நிமிடம் இருந்தது.

ஒருவரும் கண்ணைத் திறக்கவில்லை. “திறக்கலாம்” என்று கடிகாரக்காரர் சொல்ல வேண்டியிருந்தது.

எல்லோரும் தேநீர்க் கோப்பையோடு நின்று பேசிக்கொண்டிருந்தபோது அவர் மனைவியை ஜன்னலோரம் ஒதுக்கினார்.

“உன்கிட்ட ஒண்ணு சொல்லியாகணும். மனசு உறுத்துது.”

“கடிகாரம்தானே?”

அவர் கோப்பையை ஜன்னல் கட்டையில் வைத்தார். “உனக்கு... எப்பத் தெரியும்?”

“முதல் நாளே. வகுப்பு முடிஞ்சு ஏழு மணிக்குக் கிளம்பினவ, ஆறேகாலுக்கு எப்படிங்க வீட்டுக்கு வந்து சேருவேன்? அது போகட்டும். நம்ம வீட்டுல பதினோரு கடிகாரமும் ஒரே நேரம் காட்டின நாள் அது ஒண்ணுதான்.”

“அப்ப ஒன்றரை மணி நேரம் பாடினது?”

“வேணும்னேதான்.”

“என்னை இருட்டுல கடைக்குத் துரத்தினது?”

“அதுவும்தான். நல்லா முழிச்சுக்கட்டும்னு.”

“விடிஞ்சாப் பாடக்கூடாதுன்னு பொத்தான் தைச்சுக்கிட்டே சொன்னது?”

“நேரா எழுப்பினா நீங்க எழுந்திருக்க மாட்டீங்க. உங்களுக்கு ஒரு கடிகாரத்தைக் காட்டினாத்தான் எழுந்திருப்பீங்க.” அவள் முகம் கொஞ்சம் வாடியது. “டிரைவர் தம்பி விஷயம் மட்டும் நான் நினைச்சே பாக்கலை. அன்னைக்கே போய் மன்னிப்புக் கேட்டேன். மெமோவுக்குப் பதிலும் நான்தான் எழுதிக் கொடுத்தேன்.”

கோபம் வருகிறதா என்று கடிகாரக்காரர் உள்ளே தேடிப் பார்த்தார். வரவில்லை. சிரிப்புத்தான் வந்தது. அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அவள் விரல்கள் இன்னும் சில்லென்றிருந்தன.

“நல்லாப் பாடினே” என்றார்.

“நல்லாப் பாத்தீங்க” என்றாள் அவள்.

“சரி. எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது. நாளையிலிருந்து ஏழு மணி வரைக்கும் நான் கட்டிலை விட்டு அசைய மாட்டேன். இப்பவே சொல்லிட்டேன்.”

“தாராளமா” என்றாள்.

அப்போது டீச்சர் வந்தாள். முகமெல்லாம் மலர்ச்சி.

“சார், ரொம்ப நன்றி. என் விடிகாலை வகுப்புக்குத் தம்புரா மீட்ட ஆளே கிடைக்காமத் தவிச்சுக்கிட்டிருந்தேன். நாளைக்கு மூணரைக்கு வந்துடுங்க. சுருதி கூட்டவே அரை மணி ஆகும்.”

“நானா? எனக்குச் சங்கீதத்துல ஒண்ணுமே தெரியாதும்மா!”

“சங்கீதம் தெரிய வேண்டாம் சார். நாலு தந்தியை வேகம் மாறாம, நேரம் பிசகாம மீட்டிக்கிட்டே இருக்கணும். கடிகாரம் பாக்கறவரைவிட அதுக்கு வேற யாரு சரியா வருவாங்க?”

முடியாது என்று சொல்லக் கடிகாரக்காரர் வாயைத் திறந்தார்.

“அவர்தான் போன வாரமே சரின்னு சொல்லிட்டாரே டீச்சர்” என்றாள் மனைவி.